நாலாவது தழை

முத்தாயியைப் போல ஒரு பயந்தாங்கொள்ளியை மலாயாவில் பெடாஸ் பக்கத்து ரப்பர்த் தோட்டங்கள் எதிலும் பார்த்திருக்க முடியாது. அட்டை கடித்தால் அழுவாள். இடி இடித்தால் பால்வாளியைக் கீழே வைத்துவிட்டுக் காதைப் பொத்திக்கொண்டு குந்திவிடுவாள். வேலை வாங்கும் மண்டோர் பக்கத்து நிரையில் யாரையோ திட்டினால் இவளுக்குக் கை உதறும், மரத்தில் வெட்டுக் கோணிக்கொள்ளும். "இவளக் கட்டிக்கிட்டு அந்த இராஜமாணிக்கம் எப்படித்தான் காலத்த ஓட்டுறானோ" என்று தொழிலாளர் லயத்துப் பெண்கள் கேலி பேசுவார்கள். பேசட்டும். பேசின வாய்களெல்லாம் ஜப்பான்காரன் வந்ததும் எங்கே போய் ஒட்டிக்கொண்டன என்று கேட்டால் வீண் சண்டைதான் வரும்.

அந்த இராஜமாணிக்கத்தைச் சயாமில் ரயில் பாதை போடப் பிடித்துக்கொண்டு போனார்கள். மூன்று மாத வேலை, வயிறாரச் சோறு என்று சொன்னார்கள். அதற்கு முந்திப் போனவர்களில் ஒருவரும் திரும்பவில்லை. இராஜமாணிக்கத்துக்கு நல்ல காலமோ கெட்ட காலமோ, நீலாய் ஸ்டேஷன் தாண்டும்போது ரயில் மெதுவாகப் போக, இருட்டில் குதித்துவிட்டான். ரப்பர் காட்டுக்குள்ளேயே ஒளிந்து ஒளிந்து நடந்து, ஒரு விடியலில் லயத்தின் பின்பக்கம் வந்து நின்றான். அவனைப் பார்த்ததும் முத்தாயிக்குச் சந்தோஷம் வரவில்லை. பயம்தான் வந்தது. ஓடி வந்தவனைக் கண்டுபிடித்தால் அவனையும் விடமாட்டார்கள், வைத்திருந்தவளையும் விடமாட்டார்கள்.

அவனை எங்கே ஒளித்தாள் என்பதைச் சொல்ல வேண்டுமானால் மொட்டை புக்கிட் என்கிற குன்றுகளைப் பற்றிச் சொல்ல வேண்டும். தோட்டத்துக்குப் பின்னால் வரிசையாக மூன்று குன்றுகள். சண்டைக்கு முந்தி யாரோ ஈயம் எடுக்கிறோம் என்று வந்து, குழாய்த் தண்ணீரைப் பீய்ச்சி அடித்துக் குன்றுகளின் தோலை உரித்துவிட்டுப் போய்விட்டார்கள். மிச்சம் இருந்தது வெள்ளை மணலும், செம்மண் ஓடைகளும், ஆள் நுழையும் அளவுக்குச் சில பொந்துகளும்தான். சுற்றிலும் பச்சைப் பசேலென்று காடு. அங்கே மட்டும் ஒரு புல் கிடையாது.

முதல் குன்றுக்கும் இரண்டாவதுக்கும் நடுவே ஒரு முனியாண்டி கல் இருந்தது. அந்தக் கல்லைத் தாண்டுகிறவர்கள் ஒரு தழை போட்டுவிட்டுத்தான் தாண்டுவார்கள். மேலே தழை கிடைக்காது என்பதால் அடிவாரத்திலேயே ஒரு கொத்து ஒடித்துக் கையில் கொண்டுபோவது வழக்கம். வெறுங்கையோடு தாண்டினால் வழி தப்பிவிடும் என்று நம்பிக்கை. திருடப் போகிறவன்கூடத் தழை போடாமல் போகமாட்டான்.

முத்தாயி வெள்ளிக்கு வெள்ளி தழையோடு ஏறினாள். மடியில் வேகவைத்த மரவள்ளிக்கிழங்கு இருக்கும். சயாம் போன புருஷனுக்காக வேண்டிக்கொள்ளப் போகிறாள் என்று லயமே பரிதாபப்பட்டது. இவள் போய் ஓர் ஆளை ஒளித்து வைப்பாள் என்று யாருக்குத் தோன்றும்?

அப்படியிருக்கும்போது புதிதாக ஒரு ஜப்பான் துரை வந்தான். பங்களா வராந்தாவில் நின்று பார்த்தவனுக்கு அந்த வெள்ளைக் குன்றுகள் கண்ணில் பட்டுவிட்டன. வடக்குச் சீனாவில் மரமே இல்லாத பாலைவன மலைகளுக்கு நடுவே இருந்தவனாம். அதே மாதிரி இருக்கிறது, காலையில் கிளம்பி மத்தியானத்துக்குள் சுற்றிப் பார்த்துவிட்டு வரவேண்டும், வழி தெரிந்த ஆள் வேண்டும் என்றான். ஊர் சோற்றுக்குச் சாகிறது, துரைக்கு ஊர் சுற்ற ஆசை.

காலையில் ஆள் எண்ணும் பெரட்டில் கணக்கெழுதும் கிராணி கந்தையா முத்தாயியைத் தனியாகக் கூப்பிட்டார். யாழ்ப்பாணத்து மனிதர். ஜப்பான்காரனின் நிப்பான் பாஷை கொஞ்சம் படித்து வைத்திருந்ததால் துரைக்கு வாயும் காதும் அவர்தான்.

"நீதானே வெள்ளிக்கு வெள்ளி அங்க போறனி. துரைக்கு வழி காட்டு."

"ஐயா, எனக்கு ஒடம்பு சரியில்லீங்க."

"எனக்கும்தான் சரியில்லை. நட."

துரை, கிராணி, சோற்றுப் பெட்டியும் துப்பாக்கியும் தூக்கிய ஒரு சிப்பாய். முன்னால் முத்தாயி. நேரே நடந்தால், கல்லைத் தாண்டி இரண்டாவது குன்றில், புருஷன் இருக்கும் பொந்து. சுற்றி நடக்க வேறு வழி கிடையாது, மற்ற பக்கமெல்லாம் செங்குத்தாக ஓடை அரித்துக் கிடந்தது.

துரை சும்மா வரவில்லை. பால் கோப்பை என்ன, கிழங்கு எத்தனை மாதத்தில் விளையும் என்று ஒவ்வொன்றையும் நின்று நின்று கேட்டான். அப்புறம் முத்தாயியின் நெற்றியைக் காட்டி ஏதோ கேட்டான். கிராணி பதில் சொல்லிவிட்டு இவளிடம் திரும்பினார்.

"பொட்டு ஏன் எண்டு கேட்டவர். புருஷன் உயிரோட இருக்கிற பொம்பிளை வைக்கிறது எண்டு சொன்னனான். எங்க அவன் எண்டு கேக்கிறார்."

"சயாம்லங்க."

துரை தலையை ஆட்டினான். நல்ல வேலை செய்கிறான் என்று சொன்னானாம்.

அடிவாரத்தில் முத்தாயி பழக்கத்தில் ஒரு தழை ஒடித்தாள். அது எதற்கு என்று கேட்டுத் தெரிந்துகொண்ட துரைக்கு ஒரே உற்சாகம். தானும் ஒன்று ஒடித்தான், கிராணியையும் ஒடிக்கச் சொன்னான். அப்புறம் ஏறினார்கள். மணலில் இங்கொன்றும் அங்கொன்றுமாகக் காலடி தெரிந்தது. பெருவிரல் விலகிய அந்தக் காலடியை அவளுக்குத் தெரியாதா? மேலேயே மிதித்து மிதித்து அழித்துக்கொண்டு போனாள். பொந்து வரை கேட்கட்டும் என்று, "பாத்து வாங்க ஐயா, வழுக்கும்" என்று உரக்கச் சொன்னாள்.

"ஏன் கத்துறாய்? எனக்குக் காது கேக்கும்" என்றார் கிராணி.

முதல் குன்றின் உச்சியில் துரை வெகு நேரம் நின்றான். தூரத்தில் கடல் ஒரு கோடாகத் தெரிந்தது. தொப்பியைக் கழற்றிக் காற்று வாங்கினான், படம் எடுத்தான், சிரித்தான். இதோடு போதும், திரும்பலாம் என்று சொல்லமாட்டானா என்று முத்தாயி முனியாண்டியை வேண்டினாள். துரை இரண்டாவது குன்றைக் கைகாட்டினான்.

இறங்கிக் கல்லுக்கு வந்தார்கள். மூன்று பேர் கையிலும் தழை இருந்தது. கல்லின் மேல் ஏற்கெனவே ஒன்று கிடந்தது.

வெள்ளிக்கிழமை அவள் போட்டது சருகாகிக் கீழே விழுந்து கிடந்தது. இது வேறு. பச்சை மாறாத ரப்பர்க் கொத்து, ஒடித்த இடத்தில் பால் இன்னும் முழுக்கக் காயவில்லை. பாவி மனுஷன் தண்ணிக்கோ எதுக்கோ விடிகாலையில் கீழே இறங்கியிருக்கிறான். உயிருக்குப் பயந்து ஒளிந்திருக்கிறவன், திரும்பி வரும்போது சாமிக்குத் தழை போட்டுவிட்டு வந்திருக்கிறான்!

துரை குனிந்தான். பாலை விரலால் தொட்டான். முகத்தில் இருந்த சிரிப்பு போய்விட்டது. சிப்பாயிடம் இரண்டு வார்த்தை சொல்ல, அவன் சோற்றுப் பெட்டியைக் கீழே வைத்துவிட்டுத் துப்பாக்கியைக் கையில் எடுத்தான். மேலே தெரிந்த பொந்தைப் பார்த்துத் துரை நடக்கத் தொடங்கினான்.

"ஆரோ மேல இருக்கிறாங்களாம். காட்டுக்குள்ள ஒளிச்சிருந்து சண்டை பிடிக்கிறவங்களுக்கு நீ சோறு குடுக்கிறாயோ எண்டு கேக்கிறார்." கிராணி அவசரமாக அவள் பக்கம் திரும்பினார். "சொல்லு பிள்ளை. கெதியாச் சொல்லு."

"நான்தாங்க போட்டேன்."

"எப்ப?"

"விடியறதுக்கு முந்தி."

"ஏன் ஒளிச்சு வந்தனி? ஏன் காலமை சொல்லேல்லை? ரெண்டு தரம் எதுக்கு எண்டு கேக்கிறார்."

துரை நின்று திரும்பிப் பார்த்துக்கொண்டிருந்தான். பொந்து கூப்பிடு தூரம்கூட இல்லை. இங்கே பேசுவது அங்கே கேட்கும்.

"இது செத்தவங்களுக்குப் போடற தழைங்க. சூரியன் வர்றதுக்கு முந்திப் போடணும். யாரும் பாக்கக் கூடாது, யார்கிட்டயும் சொல்லக் கூடாது."

அப்படி ஒரு வழக்கம் எந்த ஊரிலும் கிடையாது. அந்த நிமிஷத்தில் அவள் வாயில் பிறந்தது.

"ஆர் செத்தது?" என்றார் கிராணி, துரை கேட்காமலே.

"எங்க வீட்டுக்காரர். சயாம்ல."

சொல்லிவிட்டாள். சாமி கல்லுக்கு எதிரே நின்று, தாலி கட்டினவன் காதுபடச் சொல்லிவிட்டாள். கிராணி மொழிபெயர்த்தார். துரை அவள் முகத்தைப் பார்த்தான், அப்புறம் தன் விரலைத் தூக்கித் தன் நெற்றியில் வைத்துக் காட்டினான். கிராணி சொல்ல வேண்டிய அவசியமே இல்லை. வரும் வழியில் அவரே சொல்லிக் கொடுத்த பாடம்தான்.

கிராணி அவளைப் பார்த்தார். சயாமிலிருந்து சாவுச் சேதி வந்தால் அவர் மேசைக்குத்தான் முதலில் வரும். ஒன்றும் வரவில்லை என்று அவருக்குத் தெரியும். தெரிந்தும் அந்த மனிதர் வாயைத் திறக்கவில்லை. அவர் வேட்டி நுனியை இறுக்கிப் பிடித்திருப்பதை முத்தாயி பார்த்தாள். அவருக்கும் பயம்தான்.

"போன வாரம் சேதி வந்துச்சுங்க. பொட்ட எடுக்க மனசு வரல. சாமி முன்னாலதான் எடுக்கணும்னு வெச்சிருந்தேன்."

முந்தானையை எடுத்தாள். நெற்றியை ஒரே இழுப்பில் துடைத்தாள். தோல் எரிந்தது. அதுவரை அடக்கி வைத்திருந்த அழுகை அப்போது வெடித்தது. அதில் நடிப்பே இல்லை. இந்தக் கையாலேயே அவனைக் கொன்றுவிட்டோம், வாய்ச்சொல் பலித்துவிடும் என்று நினைத்துத்தான் மண்ணில் விழுந்து அழுதாள்.

கிராணி நிப்பான் பாஷையில் நெடுநேரம் பேசினார். கடைசியில் தமிழில், "சேதி நான்தான் வாசிச்சுச் சொன்னனான் எண்டு சொல்லிப்போட்டன்" என்று மட்டும் இவளிடம் சொன்னார். அந்த ஒரு வாக்கியத்தில் அவர் கழுத்தும் அவள் கழுத்தோடு சேர்ந்துவிட்டது.

துரை தொப்பியைக் கழற்றினான். சிப்பாயைப் பெட்டியைத் திறக்கச் சொல்லி, ஒரு சோற்று உருண்டையை எடுத்துக் கல்லின்மேல், அந்தத் தழைக்குப் பக்கத்தில் வைத்தான். கையைச் சேர்த்துக் குனிந்தான். அவர்கள் ஊரில் செத்தவர்களுக்கு அப்படித்தானாம். பிறகு கைக்கடிகாரத்தைப் பார்த்து, போதும், இறங்கலாம் என்றான்.

அன்று மாலையே லயத்தில் ஒப்பாரி. கேலி பேசின பெண்களே வந்து கட்டிக்கொண்டு அழுதார்கள். கையில் கிடந்த கண்ணாடி வளையலை உடைத்தார்கள், தாலியைக் கழற்றினார்கள். முத்தாயி வாயைத் திறக்க முடியுமா? அவர்கள் சொன்னபடியெல்லாம் உட்கார்ந்து எழுந்தாள். வீட்டை விட்டு வெளியே விடவில்லை. அடுத்த வெள்ளிக்கிழமை எப்படியோ நழுவித் தழையும் கிழங்குமாக ஏறினாள்.

கல்லில் சோறு இல்லை. புதுத் தழையும் இல்லை.

காக்கை தின்றிருக்கும். அவன் போயிருப்பான். சொன்ன வாய் பலித்துவிட்டது. கால் பின்ன ஓடினாள். விழுந்து எழுந்து பொந்துக்குள் நுழைந்து, "என்னங்க" என்றாள். மறுபடி கூப்பிடப் பயமாக இருந்தது.

"வா" என்றது இருட்டு.

"தழை போடலியே?" அவளுக்கு மூச்சு வாங்கியது.

"செத்தவன் எங்கடி தழை போடுவான்? வெச்ச சோத்த மட்டும் தின்னுட்டேன். நல்லாத்தான் இருந்துச்சு."

அவனைக் கை வலிக்கும்வரை அடித்தாள். சிரித்துக்கொண்டே வாங்கிக்கொண்டான். பிறகு இருட்டில் தடவி அவள் நெற்றியைத் தேடினான். கட்டைவிரல் அந்த இடத்தில் வந்து நின்றது. சிரிப்பு நின்றுவிட்டது. சுவரில் ஈரச் செம்மண்ணைச் சுரண்டி எடுத்து அங்கே வைத்தான்.

"உள்ள இருக்கிற வரைக்கும் இருக்கட்டும்" என்றான்.

ஜப்பான்காரன் இருந்த காலமெல்லாம் அப்படியே நடந்தது. வெள்ளிக்கு வெள்ளி உள்ளே போனால் செம்மண் பொட்டு. வெளியே வரும் முன் முந்தானையால் துடைப்பாள். இதுதான் கடைசித் தடவையோ என்று நினைத்துக்கொண்டே இறங்குவாள். எத்தனை வாரம் போயும் அந்தப் பயம் பழகவே இல்லை.

ஜப்பான்காரன் தோற்றுப்போனான், துரை பங்களாவை விட்டுப் போய்விட்டான் என்று கிராணி பெரட்டில் சொன்ன அன்று வெள்ளிக்கிழமைகூட இல்லை. முத்தாயி வேலைக்கு நிற்காமல் மலையேறினாள். இறங்கி வரும்போது அவள் நெற்றியைத் துடைக்கவில்லை. பின்னால், கையில் ஒரு பச்சைத் தழையோடு, இராஜமாணிக்கம் நடந்து வந்தான்.