ஜப்பான் வாசலில் ரெஜினா ஆன்டி

லாலாகுடா ரயில்வே குவார்ட்டர்ஸ் வாழ் பெருமக்களுக்கு ஆழ்ந்த துயரத்துடன் தெரிவித்துக்கொள்வது. ஒன்றாக வாழ்ந்து, ஒன்றாக உழைத்து, ஒருவர் முதுகை ஒருவர் தாங்கிய பென்சில் செல்கள் நால்வரும் சனிக்கிழமை மதியம் மூன்று மணி அளவில் காலமாயினர். செல் என்று பெயர் வைத்தால் ஒருநாள் சென்றுதானே தீரும். மலர் வளையம் வேண்டாம். அனுதாபம் உள்ளவர்கள் புது செல்லாகக் கொடுக்கலாம்.

இது நான் எழுதியதுதான். கணக்கு நோட்டில் ஒரு தாளைக் கிழித்து, நான்கு ஓரமும் கறுப்பு ஸ்கெட்ச் பேனாவால் கரை போட்டு, கீழ்வீட்டு ரெஜினா ஆன்டியின் கதவில் சோற்றுப் பருக்கையால் ஒட்டினேன். வேலைக்கு வரும் மல்லம்மா அதைப் பிய்த்து, ஏதோ கவர்மென்ட் நோட்டீஸ் என்று பயந்து கட்டிலுக்குக் கொண்டுபோய்க் கொடுத்தார். உள்ளே இருந்து ஆன்டியின் சிரிப்பு கேட்டது. சிரித்தால் இடுப்பு வலிக்கும் என்பதால் நிறுத்தி நிறுத்திச் சிரித்தார்.

அடுத்த வெள்ளிக்கிழமை வந்த செய்திக்குக் கறுப்புக் கரை இல்லை. லோகோ ஷெட்டில் வேலை பார்க்கும் அப்பா ஷிஃப்ட் பாதியில் வீட்டுக்கு வந்தார். ஷூவைக் கழற்றாமல் சமையலறை வரைக்கும் நடந்து, "ரெஜினா போயிட்டாங்க" என்றார். எங்கே போனாங்க, அவங்களாலதான் நடக்கவே முடியாதே என்று நான் கேட்டுவிட்டேன். வேறு எந்த நாளாக இருந்தாலும் அறை விழுந்திருக்கும். அன்று அப்பா என் தலைமேல் கையை வைத்துவிட்டு எடுத்துக்கொண்டார். அறையே பரவாயில்லை என்று இருந்தது.

நம் மன்றத்துப் பத்திரிகைக்கு ஆன்டியைப் பற்றி ஒரு பக்கம் எழுதித் தரச் சொல்லி, அதை நடத்தும் சேவியர் அண்ணன் கேட்டார். "ஒழுங்கா எழுதணும், வாலாட்டக் கூடாது" என்று நிபந்தனை. வாலை மடித்து வைத்துக்கொண்டுதான் எழுதுகிறேன்.

உங்களில் பலருக்கு அவரை சர்ச் பாடகர் குழுவின் முதல் வரிசையில் நின்ற ரெஜினா ஆன்டியாகத் தெரியும். இருபத்திரண்டு வருஷம் ரயில்வே டெலிபோன் எக்ஸ்சேஞ்சில் ஆபரேட்டராக இருந்தவர். எங்களுக்கு அவர் கீழ்வீட்டை ஆண்ட ஆன்டி. ஒருமுறை நான் ஸ்டேஷன் ஆபீஸ் போனிலிருந்து எக்ஸ்சேஞ்சைக் கூப்பிட்டு, மூக்கைப் பிடித்துக்கொண்டு, நான் காசிப்பேட்டை ஸ்டேஷன் மாஸ்டர் பேசுகிறேன், ஒரு எருமை ரயிலில் ஏறி இறங்க மறுக்கிறது என்றேன். மறுமுனையில் ஆன்டி முழுக்கக் கேட்டுக்கொண்டார். பிறகு, "மேல்வீட்டு சின்னவன்தானல. ஒங்கப்பா ஷெட்லதான் இருக்காரு. லைன் போடட்டா?" என்றார். எருமை இறங்கிவிட்டது. பாளையங்கோட்டைத் தமிழை செகந்திராபாத்துக்குக் கொண்டுவந்து, அதில் இந்த ஊர் நக்கோவையும் கலந்து பேசுவார். வேண்டாம் என்பதற்கு அவர் சொல்வது "நக்கோல." அந்த ஒரு சொல்லை உலகத்தில் வேறு யாரும் சொல்லி நான் கேட்டதில்லை.

இந்த வருஷம் ஈஸ்டர் முடிந்த கையோடு குளியலறையில் விழுந்தார். இடுப்பு எலும்பு. கட்டிலை ஜன்னலோரம் போட்டார்கள். ஜன்னலுக்குக் கம்பி. கம்பிக்கு அந்தப் பக்கம் ஒரு குழாய், அதற்குப் பின்னால் காம்பவுண்டுச் சுவர். அவ்வளவுதான் அவருக்குக் கிடைத்த ஹைதராபாத். அதே சமயத்தில் நான் இன்டர் முதல் வருஷப் பரீட்சையில் கணக்கில் விழுந்தேன். எனக்கு எலும்பு எதுவும் முறியவில்லை, ஆனால் பிளாக் கேட்டைத் தாண்டினால் முறியும் என்று அப்பா உறுதி கொடுத்திருந்தார். ஆக ஒரே கட்டடத்தில் மேலே ஒரு கைதி, கீழே ஒரு கைதி.

எனக்கு ஒரு ரகசியம் இருந்தது. கப்பலில் வேலை பார்க்கும் சித்தப்பா லீவில் பேகம்பேட் ஏர்போர்ட்டில் வந்து இறங்கியபோது, யோகோஹாமாவில் வாங்கிய ஒரு கையடக்க வீடியோ கேம் கொடுத்தார். சோப்புப் பெட்டியைவிடக் கொஞ்சம் பெரிசு, பச்சைத் திரை, பின்பக்கம் சொருக ஒரே ஒரு கேசட். பாஸ் ஆகிற வரைக்கும் அதைத் தொடக் கூடாது என்று அப்பா பீரோவுக்குள் வைத்துப் பூட்டினார். பீரோ சாவி எங்கே இருக்கும் என்று எனக்குத் தெரியும் என்பது அப்பாவுக்குத் தெரியாது. எடுத்ததை எங்கள் வீட்டில் வைக்க முடியாது. ஆன்டிக்குக் குடத்தில் தண்ணீர் பிடித்து வைக்கிறேன் என்று போய், அவர் கட்டிலுக்கு அடியில் இருந்த டிரங்குப் பெட்டிக்குப் பின்னால் ஒளித்துவைத்தேன். மூன்றாம் நாள் போனபோது அது ஆன்டியின் கையில் இருந்தது.

"ஒங்கப்பாட்ட சொல்லவா, இல்ல எனக்கும் சொல்லித் தாரியா?"

இப்படித்தான் ஆரம்பித்தது. அதில் குள்ளமாக ஒரு பையன். அவனை நடக்க வைக்க வேண்டும். மதில் சூழ்ந்த ஒரு சின்ன ஊர். கிணறு, கடை, நாலைந்து வீடு, கோணல்மாணலாக நடக்கும் மனிதர்கள். வடக்கே ஒரு வாசல், அதை மறித்துக்கொண்டு ஒரு காவல்காரன். பேச்சுகள், கடைச் சாமான்களின் பெயர்கள் எல்லாம் ஜப்பான் எழுத்தில். ஆன்டியால் முதல் நாள் பொத்தானைச் சரியாக அழுத்தக்கூட முடியவில்லை, பையன் சுவரில் முட்டிக்கொண்டே நின்றான். இரண்டாம் வாரம் அவர் கட்டைவிரலில் காய்ப்பு. என்னைத் தண்ணீர் பிடிக்க அனுப்பிவிட்டு, அந்த நேரத்தில் பையனை ஊரைச் சுற்றி நடக்கவிடுவார். ஒரு வேலையும் இல்லாமல் நடப்பான். கிணற்றைச் சுற்றி, கடையைச் சுற்றி, மறுபடி கிணற்றைச் சுற்றி. எதுக்கு ஆன்டி சும்மா நடக்கிறீங்க, செல் தீந்துடும் என்று ஒருநாள் எரிச்சலாகக் கேட்டேன். "நடக்கத்தான்ல" என்றார்.

இந்த எழுத்து என்ன சொல்லுது என்று அவர் கேட்ட முதல் நாளே, எனக்கு ஜப்பான் தெரியும் என்று சொல்லிவிட்டேன். சித்தப்பா சொல்லிக் கொடுத்தார் என்றேன். பிறகு என்ன, அவிழ்த்துவிட்டேன். கடைக்காரன் செருப்பை வெளியே கழற்றச் சொல்கிறான். கிணற்றடிப் பெண் கோதாவரி எக்ஸ்பிரஸ் லேட்டா என்று கேட்கிறாள். காவல்காரன், வாசலில் பராமரிப்பு வேலை நடக்கிறது, நாளை வரவும் என்கிறான். ஆன்டி எல்லாவற்றையும் கவனமாகக் கேட்டுக்கொள்வார். காவல்காரன் தினமும் நாளை வரச் சொன்னதில் மட்டும் அவருக்கு அதிசயமே இல்லை. நம்ம ஆபீஸ் ஆளாத்தான் இருக்கும் என்றார்.

ஆனால் அவர் தன் வேலையையும் பார்த்துக்கொண்டிருந்தார். தலையணைக்கு அடியில் ஒரு பழைய எக்ஸ்சேஞ்ச் நோட்டு. அதில் ஜப்பான் எழுத்துகளை ஒவ்வொன்றாக வரைந்து, ஒவ்வொன்றுக்கும் ஒரு பெயர் வைத்திருந்தார். ஒன்று தூண்டில். ஒன்று முழங்கை. ஒன்று ஜிலேபி. ஒன்று கூரை. யார் பேசும்போது எந்த எழுத்து எந்த எழுத்துக்குப் பக்கத்தில் வருகிறது என்று வரி வரியாகக் குறித்துவைத்திருந்தார். நான்தான் படித்துச் சொல்கிறேனே, இது எதற்கு என்று கேட்டேன். எக்ஸ்சேஞ்சில் மராத்தி, வங்காளி, ஒரியா எல்லாம் காதில் விழும், ஒன்றும் புரியாது, ஆனால் ஒரே சொல் இரண்டு தடவை வந்தால் காது பிடித்துக்கொள்ளும் என்றார். அதற்குப் பிறகு சொன்னதுதான் அவர் சொன்னதிலேயே எனக்கு மறக்காதது. "புரியலன்னா புரியலன்னு சொல்லணும்ல. புரிஞ்ச மாதிரி தலையாட்டுதவனாலதான் ராங் நம்பரே வருது." என்னைப் பார்த்துச் சொல்லவில்லை. ஜன்னலைப் பார்த்துத்தான் சொன்னார்.

ஜூலையில் ஆபரேஷனுக்குத் தேதி கொடுத்தார்கள். திங்கட்கிழமை சேர வேண்டும். அதற்கு முந்தின வாரம் முழுக்க ஆன்டிக்கு ஒரே பேச்சுத்தான்.

"ஆஸ்பத்திரிக்குப் போறதுக்குள்ள ஒரு தடவ வெளிய போயிரணும்ல."

வெளியே என்றால் அந்த வாசலுக்கு வெளியே. ஐந்து வாரமாக அந்தப் பையன் ஊருக்குள்ளேயே சுற்றுகிறான். காவல்காரனிடம் ஆமாம் என்று சொல்லிப் பார்த்தாயிற்று, இல்லை என்று சொல்லிப் பார்த்தாயிற்று. எது ஆமாம், எது இல்லை என்பதே எனக்குத் தெரியாது என்பது வேறு விஷயம். வெள்ளிக்கிழமை ஆன்டி நோட்டை என்னிடம் நீட்டினார். காவல்காரன் பேச்சில் முழங்கையும் தூண்டிலும் சேர்ந்து வருது, கடையிலயும் மூணாவது வரியில அதே முழங்கை தூண்டில் இருக்கு, அதை வாங்கிப் பாரு என்றார். எனக்குச் சிரிப்பு வந்தது. ஜப்பான் படித்தவனுக்கு முழங்கை வைத்தியமா? அதெல்லாம் நக்கோ ஆன்டி, எனக்கு ஒரு ரகசிய வழி தெரியும், நாளைக்கு நானே திறந்து காட்டுகிறேன் என்று வாக்குக் கொடுத்தேன்.

மீதி உங்களுக்குத் தெரியும், ஆபரேஷனுக்குப் போனவர் திரும்பவில்லை. ஏழாம் நாள் பூசையில் ஃபாதரே பிரசங்கத்தில் சொன்னார். மேல்வீட்டுப் பையன் ஜப்பான் மொழியைப் படித்து வாசலைத் திறந்தான், நம் சகோதரி ரெஜினா திறந்த வாசலைக் கண்ணாரக் கண்டுவிட்டே ஆஸ்பத்திரிக்குப் புறப்பட்டார் என்றார். நிறையப் பேர் கண்ணைத் துடைத்தார்கள். அம்மா என் பெருமையை வாங்கிக்கொள்ள முதுகை நிமிர்த்தி உட்கார்ந்தார். அப்பா பீரோவைப் பூட்டுவதையே நிறுத்திவிட்டார்.

இந்த இடத்தில் முடித்திருந்தால் சேவியர் அண்ணன் சொன்ன ஒரு பக்கத்துக்குள் அடங்கியிருக்கும். ஆனால் மூன்று வாரமாக நான்தான் அந்த மதிலுக்குள் மாட்டிக்கொண்டு நிற்கிறேன்.

சனிக்கிழமை மதியம் அப்பா ஷெட்டில் இருந்தார். ஆன்டி இல்லாமல் தனியாகத் திறந்து, அப்புறம் அலட்டலாகக் கீழே போய்க் காட்டலாம் என்று வீடியோ கேமை மேலே எடுத்து வந்தேன். ஆன் செய்தால் முதலில் மூன்று வரி வரும். எப்போதும் முதல் வரியைத்தான் அழுத்துவோம், விட்ட இடத்திலிருந்து தொடங்கும். மூன்றாவது வரிதான் ரகசிய வழி என்று எனக்கு நானே முடிவு கட்டியிருந்தேன். அழுத்தினேன். ஏதோ கேட்டது. அதற்கும் அழுத்தினேன். டொய்ங் என்று ஒரு சத்தம். மறுபடி பார்த்தால் மூன்று வரி இருந்த இடத்தில் ஒரே ஒரு வரி. அதை அழுத்தியதும் பையன் ஊருக்கே வரவில்லை, ஏதோ வீட்டில் படுக்கையிலிருந்து எழுந்துகொண்டிருந்தான். முதல் நாளிலிருந்து எல்லாம் புதிதாக. ஆன்டி ஐந்து வாரம் நடந்த நடை ஒரு அடி மிச்சமில்லாமல் அழிந்துபோயிருந்தது.

அப்போதுதான் கறுப்புக் கரை போட்ட அந்தத் தாளை எழுதினேன். ஒருவருக்குக் காரணமே இல்லாமல் மரண அறிவிப்பு எழுதுகிறவன் நான் இல்லை. ஆன்டி கேமை ஆன் செய்யச் சொல்லிவிடுவார் என்ற பயத்தில் எழுதினேன்.

சிரித்து முடித்துவிட்டு ஆன்டி என்னைக் கூப்பிட்டனுப்பினார். கதவருகே நின்றேன். என் முகத்தைப் பார்த்துச் செல்லுக்காகத்தான் அழுகிறேன் என்று நினைத்துக்கொண்டார்.

"நக்கோல, செல்லுதான. நான் வாங்கித் தாரேன். அதுவரைக்கும் அவன் வாசல்லயே நிக்கட்டும்."

அந்த நேரத்தில் ஒரே ஒரு வாக்கியம் போதுமாக இருந்தது. அதற்குப் பதில் தலையாட்டினேன்.

அடக்கம் முடிந்து கல்லறைத் தோட்டத்து வாசலில், காசிப்பேட்டையிலிருந்து வந்திருந்த அவர் தம்பி ஆரோக்கியம் அங்கிள் என்னைத் தனியாகக் கூப்பிட்டார். சட்டைப் பையிலிருந்து ஒரு பொட்டலம் எடுத்தார். பிரிக்காத நாலு பென்சில் செல். ஆஸ்பத்திரியில் சேர்ந்த அன்றே வாங்கி வரச் சொல்லி, தலையணைக்கு அடியில் வைத்திருந்தாராம்.

"எதுக்குன்னு கேட்டேன். 'அவன் நிக்கான், பாவம்'னு சொன்னா. யாருப்பா நிக்கிறது?"

நான் சொன்னேன். "யாரும் நிக்கல அங்கிள். அது மயக்கத்துல சொல்லியிருப்பாங்க. அவன் சனிக்கிழமையே தாண்டிட்டான். நான்தான் ஜப்பான்ல படிச்சுத் திறந்து காட்டினேன். ஆன்டி பார்த்துட்டாங்க." அங்கிள் என்னைக் கட்டிப்பிடித்துக்கொண்டார். அங்கிருந்து அது ஃபாதர் காதுக்குப் போய், அங்கிருந்து உங்கள் காதுக்கு வந்தது. எக்ஸ்சேஞ்சே தேவைப்படவில்லை.

அன்றிலிருந்து நான் முதலிலிருந்து விளையாடினேன், ஆன்டி நீட்டியதிலிருந்து என்னிடமே இருந்த நோட்டை மடியில் வைத்துக்கொண்டு. போன ஞாயிறு கடையில் மூன்றாவது வரியை வாங்கினேன். முழங்கை, தூண்டில். அது என்ன சாமான் என்று இன்றுவரை எனக்குத் தெரியாது. காவல்காரன் அதை வாங்கிக்கொண்டு இரண்டடி நகர்ந்தான். வாசலுக்கு வெளியே ஒரு பாதை, ஒரு பாலம், இரண்டு மரம். பொத்தானை அழுத்த எனக்குக் கை வரவில்லை. பையன் இப்போது பாலத்துக்கு இந்தப் பக்கம் நிற்கிறான்.

அவருடையது என்று என்னிடம் இருப்பவை அந்த நோட்டும் இந்த நாலு செல்லும். செல்லை இன்னும் பிரிக்கவில்லை. பழையதே ஓடுகிறது. அது அந்தச் சனிக்கிழமையும் ஓடியது.

ஆரோக்கியம் அங்கிள், இந்தப் பத்திரிகை காசிப்பேட்டைக்கும் வரும் என்று சேவியர் அண்ணன் சொன்னார். எனக்கு ஜப்பான் எழுத்து ஒன்றுகூடத் தெரியாது, ஆன்டி பெயர் வைத்தவற்றைத் தவிர. வாசலைக் கண்டுபிடித்தவர் அவர், பார்க்காமல் போனவரும் அவர். உங்கள் அக்கா மயக்கத்தில் பேசவில்லை, அங்கிள். தெளிவாகத்தான் பேசியிருக்கிறார்.