சிரிக்காதவள்

வெள்ளறடையில் மரச்சீனி என்கிற மரவள்ளிக் கிழங்கு விற்கும் புஷ்பபாய்க்குச் சிரிக்கிற வியாபாரியைக் கண்டாலே ஆகாது. யாராவது கொசுறாக நாலு மிளகாய் போட்டால், உடனே தராசைத்தான் பார்ப்பாள். அப்படிப்பட்டவளை மகள் ஜின்சி வியட்நாமுக்கு அழைத்துப்போய், ஒரு சிறிய குழுவோடு மிதக்கும் சந்தைக்குப் படகேற்றினாள்.

வழிகாட்டி ஓயாமல் சிரித்தான். தேங்காய் மிட்டாயை நீட்டினான்.

"வேண்டாம் மக்கா. சும்மா தருவானாக்கும்? என்னமோ ஏமாத்து உண்டு."

"டூர் காசுல எல்லாம் உண்டும்மா."

"பின்னே எதுக்கு இளிக்கான்?"

ஆற்றில் ஒவ்வொரு தோணியும் தான் விற்கும் பொருளைக் கழியில் தொங்கவிட்டிருந்தது. ஒன்றில் மரச்சீனி. தோணிக்காரி நல்லதை மேலே கட்டிவிட்டு அழுகலை உள்ளே வைத்திருப்பாள் என்று புஷ்பபாய் குவியலுக்குள் கைவிட்டு, அடியிலிருந்து ஒரு கிழங்கை உருவினாள். நுனியை ஒடித்தாள். பால்வெள்ளை.

பணத்தை நீட்டினாள். தோணிக்காரி சிரிக்கவில்லை. ஒரு கையால் கிழங்கை இறுகப் பிடித்துக்கொண்டு, மறுகையால் நோட்டை வெயிலுக்கு உயர்த்தித் திருப்பித் திருப்பிப் பார்த்தாள்.

"இவகிட்ட நம்பி வாங்கலாம் மக்கா" என்று புஷ்பபாய் வாய்நிறையச் சிரித்தாள்.

அந்தச் சிரிப்பைக் கண்டதும் தோணிக்காரி நோட்டை இன்னொரு முறை வெயிலுக்கு உயர்த்தினாள்.