படலைப் பக்கத்துக் காணி

பனிச்சங்கேணியில் அம்மா எனக்குச் சீதனமாக எழுதித் தந்த காணியை, சண்டைக் காலத்தில் விட்டுவிட்டு ஓடினோம். முகாம், பிறகு மட்டக்களப்பில் வாடகை வீடு என்று காலம் போயிற்று. திரும்பிப் போனபோது அங்கே வேறொரு குடும்பம் இருந்தது. ஒரு பெண், அவளுடைய இரண்டு மகள்மார். அவர்களும் எங்கோ இருந்து இடம்பெயர்ந்து வந்தவர்கள்தான். பற்றைகளை வெட்டி, தூர்ந்த கிணற்றை இறைத்து, தென்னை வைத்து, எங்கள் வீட்டிலேயே குடியிருந்தார்கள். எழும்பச் சொன்னோம். மாட்டேன் என்றாள். வழக்குப் போட்டோம்.

காணி உறுதிப் பத்திரம் என் பெயரில் இருந்ததால் மாவட்ட நீதிமன்றத்தில் எங்களுக்கே தீர்ப்பு. அவள் மேன்முறையீடு செய்தாள். அந்த நீதிமன்றத்தில் முதல் விசாரணைத் தவணையிலேயே நீதிபதி, இரு பகுதியாரும் இணங்கிப்போக முடியுமா என்று பேசிப் பாருங்கள் என்றார். வழக்கில் களைத்துப் போயிருந்தோம். காணியைப் பிரித்து, பின்னாலுள்ள வாவிப் பக்கத்தை அவளுக்குக் கொடுக்கச் சம்மதித்தோம். அவள் வைத்த தென்னைகள் நின்றதும் அந்தப் பக்கம்தான்.

அவள் வேண்டாம் என்றுவிட்டாள். வீடும் வாசல் படலையும் இருக்கும் றோட்டுப் பக்கம்தான் வேண்டுமாம்.

“விலை தெரிஞ்சுதான் கேக்கிறா” என்றார் என் கணவர். எனக்கும் அப்படித்தான் பட்டது.

நீதிமன்ற விறாந்தையில் அவள் தனியே இருந்தாள். நெற்றியில் குங்குமப் பொட்டு. போய்ப் பக்கத்தில் இருந்தேன். வழக்குத் தொடங்கிய பிறகு நாங்கள் இருவரும் நேரே பேசியதில்லை.

“தென்னையெல்லாம் நீங்க வெச்சது. அதை விட்டுப்போட்டு ஏன்கா முன்பக்கம் கேக்கிறீங்க?”



“எங்கட அவர அந்தப் படலையாலதான் கூட்டிப் போனாங்க. விசாரிச்சுப்போட்டு விடுறம் எண்டாங்க. நாங்க வந்து ஒரு மாசமும் இல்ல, அவருக்கு ஊர் பழக்கமில்ல. திரும்பி வந்தா அந்தப் படலையத்தான் தேடி வருவார்.”

எத்தனை வருடம் ஆயிற்று என்று நான் கேட்கவில்லை. அது அவளுக்குத் தெரியாததா? எழுந்து போய்க் கணவரிடம் சொன்னேன். அவர், “முன்பக்கத்தையே குடுப்பம்” என்று சொல்லிவிட்டுச் சட்டத்தரணியைத் தேடிப் போனார்.

அடுத்த தவணையில் இணக்க நிபந்தனைகளை வாசித்தார்கள். றோட்டுப் பக்கம் அவளுக்கு, வாவிப் பக்கம் எங்களுக்கு, ஓரத்தால் எங்களுக்கு ஒரு பாதை, கிணறு பொது. சம்மதமா என்று நீதிபதி கேட்டார். “ஓம் ஐயா” என்று அவள் சொன்னது முன்வரிசையில் இருந்த எனக்கே சரியாகக் கேட்கவில்லை. இருவரும் கையெழுத்து வைத்தோம்.

இப்போது வாவிப் பக்கத்தில் சின்னதாக ஒரு வீடு கட்டி இருக்கிறோம். அவளோடு பெரிய ஒட்டுதல் ஒன்றும் இல்லை. கிணற்றடியில் கண்டால் இரண்டு வார்த்தை.

போன ஆவணியில் வெற்றிலைத் தட்டோடு வந்தாள். மூத்தவளுக்குக் கலியாணம்.

“பந்தல் உங்கட பக்கம் கொஞ்சம் வரும். போடலாமா?”

என் கணவர் தானே போய் இடையிலிருந்த வேலிக் கம்புகளைப் பிடுங்கிக் கொடுத்தார். கலியாணம் முடிந்த மறுநாள் காலை எழும்பிப் பார்த்தபோது, அவள் தனியாக நின்று அந்தக் கம்புகளைப் பழைய குழிகளிலேயே திரும்ப நட்டுக்கொண்டிருந்தாள்.