புள்ளடியும் வட்டமும்

என் கணவரை வீட்டு வாசல் கேற்றுக்கு வெளியே ஓர் அடி எடுத்து வைக்கச் செய்வதற்காக நான் ஒரு விளையாட்டு மெஷின் வாங்கினேன். இப்போது சொன்னால் கேட்பவர்கள் சிரிக்கிறார்கள். சிரிக்கட்டும். அன்றைக்கு எனக்கு வேறு வழி தெரியவில்லை.

அவர் யாழ்ப்பாணத்துக்காரர். கண்டி டவுனில் ஒரு தமிழ்ப் பாடசாலையில் கணக்கு வாத்தியார். நான் ஹேவாஹெட்டப் பக்கம் ஒரு தோட்டத்தில் பிறந்து, டவுனில் டைப் அடித்து போட்டோக் கொப்பி எடுத்துக் கொடுக்கும் கடையில் வேலை பார்த்தவள். கல்யாணமாகி அம்பிட்டியவில் ஒரு சின்ன வாடகை வீட்டில் இருந்தோம். சண்டை மறுபடி தொடங்கி, வடக்குக்குப் போகும் பாதையும் மூடப்பட்ட காலம். ஒரு விடியற்காலை, இராணுவத்தின் சுற்றிவளைப்பில் அவரைக் கூட்டிக்கொண்டு போனார்கள். அடையாள அட்டையில் பிறந்த ஊர் எழுதியிருந்தது. அதற்கு மேல் ஒரு காரணமும் யாரும் சொல்லவில்லை. பதினாறாம் நாள் விட்டார்கள்.

"அடிக்கேல்லை" என்றார். அவ்வளவுதான். அதற்குப் பிறகு அவர் வாயிலிருந்து வந்த சொற்களை என் இரண்டு கை விரல்களுக்குள் எண்ணிவிடலாம். காலையில் எழும்புவார், முகம் கழுவுவார், முன்னறைக் கதிரையில் உட்காருவார். பின்னேரம் நான் வேலை முடிந்து வரும்போதும் அதே கதிரைதான். மருத்துவ விடுமுறை மூன்று மாதம் கிடைத்திருந்தது. அது முடிகிற திங்கட்கிழமை அவர் பாடசாலைக்குப் போய்க் கையெழுத்து வைக்காவிட்டால், வேலையை விட்டதாகவே எடுத்துக்கொள்வோம் என்று கடிதமும் வந்துவிட்டது. அந்தக் கடிதத்தை நான் மடித்து அலுமாரிக்குள் வைத்தேன். அவர் அதை எடுத்துப் பார்க்கவே இல்லை.

ஆஸ்பத்திரியில் ஒரு டொக்டர், கைக்கும் மனசுக்கும் ஏதாவது சின்ன வேலை கொடுங்கள், பிடித்தது என்ன என்று பாருங்கள் என்றார். எனக்குச் சட்டென்று ஞாபகம் வந்தது அந்த ரயில்தான். இதெல்லாம் நடப்பதற்கு ஒரு வருடம் முன்பு, கூடப் படிப்பிக்கும் ஒருவர் வீட்டில் கைக்குள் அடங்குகிற மெஷின் ஒன்றில் ரயில் ஓட்டிவிட்டு வந்தார். ஜப்பான் ரயிலாம். ஓட்டிக்கொண்டு போய் மேடையில் போட்டிருக்கும் கோட்டுக்கு நேராக நிறுத்த வேண்டுமாம். இரண்டு நாள் சோற்றில் கை வைத்தபடி அதையே பேசினார். சண்டையில் தண்டவாளத்தையே பிடுங்கிக்கொண்டு போன ஊரில் வளர்ந்த மனிதர். நான்கூடக் கிண்டல் பண்ணினேன்.

டவுனில் ஜப்பான் பழைய சாமான் விற்கும் முஸ்லிம் கடைக்காரர் ஒருவர் இருந்தார், நானா என்றுதான் கூப்பிடுவோம். ரேடியோ, ரைஸ் குக்கர், கமரா என்று கடை முழுக்க அடைத்து வைத்திருப்பார். அவரிடம் அதே மெஷின் இருந்தது.

"இது உள்ள மாத்தின மெஷின், தங்கச்சி. தட்டு ஒண்டும் தேவல்ல. பேக்கப் கேம் எல்லாம் கார்ட்ல போட்டுட்டா ஓடும்" என்றார்.

களவுக் கொப்பி என்று நானா ஒருநாளும் சொல்ல மாட்டார். பேக்கப் என்றுதான் சொல்வார். மெஷினின் எழுத்தை ஆங்கிலத்துக்கு மாற்றி, பெருக்கல் குறி போலப் புள்ளடி போட்ட பொத்தானை அமுக்கி ஒரு மோட்டார் வண்டி ஓட்டிக் காட்டினார். ரயில் விளையாட்டை ஒரு சீடியில் தந்து, செய்ய வேண்டியதைத் துண்டில் எழுதியும் தந்தார். "புள்ளடி எண்டா சரி. வட்டத்துல மட்டும் கை வெச்சிராதீங்க. வேல நடக்கக்குள்ள வட்டத்த அமுக்கினா எல்லாம் நடுவுல நிண்டு மெஷின் செத்துப் போகும்" என்று இரண்டு தரம் சொன்னார்.

பஸ் ஏறி வரும்போது சோதனைச் சாவடியில் எல்லோரையும் இறக்கினார்கள். என் கைப்பையைத் திறந்த சிப்பாய் மெஷினை இரண்டு விரலால் தூக்கினார்.

"மேக்க மொக்கத்த?"

இது என்ன என்று கேட்கிறார். கேம் என்றேன். அவர் நம்பவில்லை. பொத்தான்கள், ஒளிரும் கண்ணாடி, பின்னால் ஜப்பான் எழுத்து. இன்னொருவரைக் கூப்பிட்டார். அவர் மூன்றாவது ஆளைக் கூப்பிட்டார். பஸ் முழுக்க என்னைப் பார்த்தது. எங்கே வாங்கினாய், யாருக்கு, கணவர் என்ன வேலை, எந்த ஊர்? அந்தக் கடைசிக் கேள்விக்கு நான் ஹேவாஹெட்ட என்றேன். என் ஊரைத்தான் சொன்னேன், பொய் இல்லை என்று எனக்கு நானே சொல்லிக்கொண்டேன். பற்றரியைக் கழற்றிப் பார்த்தார்கள். கடைசியில் மூன்றாவது ஆள், இதில் கிரிக்கெட் இருக்கிறதா என்று சிங்களத்தில் கேட்டார். இல்லை, ரயில்தான் என்றேன். சலித்துப்போய்த் திருப்பிக் கொடுத்தார். இனி இந்தச் சனியனை வீட்டுக்கு வெளியே எடுக்கவே மாட்டேன் என்று அந்த இடத்திலேயே முடிவெடுத்தேன்.

அந்த முடிவுதான் என் உயிரை வாங்கியது. மெஷின் வீட்டில், கம்பியூட்டர் வேலைக் கடையில், விஷயம் தெரிந்த நானா டவுனில். இந்த மூன்றுக்கும் நடுவே நகம் அளவு மெமரி கார்டைக் கைலேஞ்சி முனையில் முடிந்துகொண்டு நான் அலைந்தேன்.

முதல் தரம் கடைக் கம்பியூட்டரில் சீடியைப் போட்டு, கேமைக் கார்டுக்கு ஏற்றினேன். ஏறுவதற்குள் சாப்பாட்டு நேரம் முழுக்கப் போய்விட்டது. வீட்டுக்கு வந்து மெஷினில் போட்டால் ஒன்றுமே இல்லை. போட்டதற்கு அடையாளமே இல்லை. நானாவுக்குப் போன் எடுத்தால், தனி ஃபோல்டர் வேண்டும், அதன் பெயர் ஆங்கிலத்தில் மூன்று எழுத்து, மூன்றும் பெரிய எழுத்தாக இருக்க வேண்டும், நான் வேறு எதற்குள்ளோ போட்டிருக்கிறேன் என்றார். துண்டில் அதை எழுதவில்லையே என்றேன். "அது தெரிஞ்ச விஷயம்தானே, தங்கச்சி" என்றார். யாருக்குத் தெரிந்த விஷயம்? எனக்கு வந்த கோபத்தில் போனை வைத்துவிட்டேன்.

அடுத்த தரம் ஃபோல்டர் சரி. வீட்டில் கார்டைச் செருகினேன். ரயில் படம் வந்தே விட்டது! பச்சைப் பெட்டி, பின்னால் பனி மலை. "இங்க பாருங்க, வந்திருச்சுங்க!" என்று கத்தினேன். அவர் கதிரையிலிருந்து திரும்பிப் பார்த்தார். நான் புள்ளடியை அமுக்கினேன். படம் போய், மெஷின் முதல் பக்கத்துக்கே வந்து நின்றது. மறுபடி அமுக்கினேன். மறுபடியும் முதல் பக்கம். பத்துத் தரமாவது அமுக்கியிருப்பேன். அவர் முகத்தைத் திருப்பிக்கொண்டார். அதைத்தான் என்னால் தாங்க முடியவில்லை. மூன்று மாதத்தில் ஒரு மாதம் அதற்குள் ஓடிவிட்டது.

இன்னொன்றையும் கவனித்தேன். மெஷினின் எழுத்தெல்லாம் ஜப்பான் மொழிக்கு மாறியிருந்தது. சாவடியில் பற்றரியைக் கழற்றியதில் நானா செய்துவைத்ததெல்லாம் அழிந்துபோயிருக்கிறது. போனில் சொன்னபோது, "எழுத்து மாறினா மாறட்டும், படம் ஒண்டுதானே. கொப்பிதான் பழுது. கார்ட கொண்டாங்க" என்றார்.

சனிக்கிழமை கொண்டு போனேன். புதிதாக ஏற்றி, தன்னுடைய மெஷினில் போட்டுக் காட்டினார். ரயில் அழகாக ஓடியது. வீட்டுக்கு வந்தேன். ஓடவில்லை. அடுத்த சனிக்கிழமை கார்டையே மாற்றித் தந்தார். அங்கே ஓடியது, இங்கே ஓடவில்லை. அதற்கடுத்த சனிக்கிழமை மெஷினையே கொண்டுவரச் சொன்னார். முடியாது என்றேன். ஏன் என்று கேட்டார். நான் சாவடி இருக்கும் பக்கம் திரும்பிப் பார்த்தேன். அவருக்கு விளங்கிவிட்டது. பிறகு அந்தப் பேச்சையே எடுக்கவில்லை. வேறொரு சீடியைத் தேடித் தந்து, "இது நல்ல பேக்கப். அல்லாஹ்ட காவல், போட்டுப் பாருங்க" என்றார்.

அதுவும் ஓடவில்லை.

அன்றைக்கு எனக்கு இருந்த பொறுமை எல்லாம் தீர்ந்துவிட்டது. மெஷினை மெத்தையில் வீசினேன். நானாவைத் திட்டினேன், ஜப்பான்காரனைத் திட்டினேன், கல்யாணத்துக்குத் தரகு பேசிய மாமாவைக்கூட விட்டுவைக்கவில்லை. பிறகு அழுதேன். அழுதுகொண்டே எடுத்து மறுபடி அமுக்கினேன். புள்ளடி, புள்ளடி, புள்ளடி.

எப்போது எழும்பி வந்தாரோ தெரியாது. என் தோளுக்குப் பின்னால் நின்றுகொண்டிருந்தார்.

"பிழை பிழை எண்டு போட்டுக்கொண்டிருந்தால் அது எப்பிடி ஓடும்?" என்றார்.

எனக்கு விளங்கவில்லை. கையை நீட்டி மெஷினை வாங்கினார். வட்டத்தில் விரலை வைத்தார். "ஐயோ, செத்துப் போகுமாம்!" என்று நான் பாய்வதற்குள் அமுக்கிவிட்டார். கண்ணாடி கறுத்தது. பிறகு ஒரு விசில் சத்தம். ரயில் வந்தது.

ஜப்பானில் வட்டம்தான் சரியாம், புள்ளடி வேண்டாம் என்பதாம். நானாவின் மெஷின் மட்டும் ஆங்கிலத்துக்கு மாற்றிய மெஷின், அதில் புள்ளடிதான் சரி; என்னுடையது சாவடியில் பழையபடி ஜப்பானுக்கு மாறிவிட்டது. எனக்கு அது தோன்றியிருக்கவே முடியாது. எங்கள் வீட்டில் புள்ளடி என்றால் வாக்குச் சீட்டில் போடுகிற வாக்கு. தோட்டத்து மக்களுக்குக் குடியுரிமை தந்து அம்மாவுக்கும் முதன்முதலாக வாக்குரிமை கிடைத்தபோது, கோட்டுக்கு வெளியே போகாமல் புள்ளடி போடுவதற்கு அப்பியாசக் கொப்பியில் ஒரு பக்கம் முழுக்கப் போட்டுப் பழகினார். புள்ளடியைப் பார்த்தால் எங்கள் கை தன்பாட்டில் ஆம் என்று போகும். பன்னிரண்டு வருடம் சிவப்புப் பேனையால் கணக்குத் திருத்திய மனிதருக்குப் புள்ளடி என்றால் பிழை மட்டும்தான். ஒரே வீட்டுக்குள் ஒரு குறிக்கு இரண்டு அர்த்தம். அதற்காக நான் மூன்று சனிக்கிழமை சாவடியைக் கடந்து போய் வந்திருக்கிறேன்.

இத்தோடு எல்லாம் சரியாகிவிட்டது என்று எழுத ஆசைதான். அவர் ரயில் ஓட்டினார். கொஞ்சம் கொஞ்சமாகப் பேச்சு வந்தது. "இஞ்சரும், கோட்டிலை நிப்பாட்டிப்போட்டன்" என்று கூப்பிட்டுக் காட்டுவார். சோறு நன்றாகச் சாப்பிட்டார். ஆனால் வாசல் பக்கம் போகவில்லை. காலையிலிருந்து பின்னேரம் வரைக்கும் அதே கதிரை, இப்போது கையில் மெஷின். அவரை வெளியே கொண்டுவர வாங்கிய சாமானால் உள்ளே இன்னும் வசதியாக உட்கார வைத்துவிட்டேன் என்று எனக்கு நெஞ்சு எரிந்தது. எங்கே போகிறீர்கள் என்று அந்த ரயிலைக் கேட்க வேண்டும் போல இருந்தது.

விடுமுறையின் கடைசி ஞாயிற்றுக்கிழமை வந்தது. அவருடைய வெள்ளைச் சேட்டை அயன் பண்ணிக் கதவில் தொங்கவிட்டேன். அவர் பார்த்தார். மெஷினைக் கையில் எடுத்தார். நான் வெடித்துவிட்டேன்.

"நாளைக்கு போகலைன்னா வேலை போயிரும், தெரியுமா? இந்த எழவு மெஷினுக்காக எத்தனை சனிக்கிழமை நான் ஒத்தையில போயிட்டு வந்தேன்! ஒங்களுக்கு அந்த கேற் வரைக்கும் நடக்க முடியலையா?"

அவர் கோபப்படவில்லை. ரயிலை நிறுத்திவிட்டு என்னை நிமிர்ந்து பார்த்தார்.

"அந்தச் சனிக்கிழமையளிலை ஒருக்காலாவது என்னையும் வாரும் எண்டு கேட்டனீரோ?"

நான் ஒருநாளும் கேட்டதில்லை.

"கேற்றுத் திறப்பு ஆரிட்டை இருக்கு?" என்றார் மெதுவாக.

சாவி என் கைப்பையில் இருந்தது. அவர் திரும்பி வந்த நாளிலிருந்து, காலையில் நான் வேலைக்குப் போகும்போது கேற்றை வெளியே பூட்டித் திறப்பை எடுத்துக்கொண்டு போவேன். யாராவது வந்து தட்டினால் வீட்டில் ஆள் இல்லை என்று நினைத்துப் போய்விடட்டும் என்றுதான். இரண்டாவது திறப்பும் என்னிடம்தான் இருந்தது. பழகிப் பழகி, அதை நான் பூட்டு என்றே நினைக்காமல் விட்டிருந்தேன். அவருக்குப் பயம், அவருக்குப் பயம் என்று மூன்று மாதமும் நான் எல்லோரிடமும் சொல்லிக்கொண்டு திரிந்தேன். அவர் ஒருநாளும் அப்படிச் சொன்னதில்லை.

"எனக்குப் பயமா இருந்துச்சுங்க" என்றேன்.

"எனக்கும்தான்" என்றார். "ஆனால் பூட்டினது நானில்லை."

திறப்பு இரண்டையும் எடுத்து மேசையில் வைத்தேன். ஒன்றை அவர் எடுத்துக்கொண்டார்.

திங்கட்கிழமை காலை அவர் வெள்ளைச் சேட்டைப் போட்டுக்கொண்டு எனக்கு முன்னால் நடந்தார். இரவு உள்ளே போட்ட பூட்டு கொஞ்சம் இறுகியிருந்தது. நான் உதவிக்குக் கை நீட்டவில்லை. அவரே திறந்தார்.