கூறைப் புடவையில் ஒரு நீலக் கை

1930களின் தொடக்கத்தில், மயிலாப்பூரில் எங்கள் நாடக சபையில் பெண் வேஷம் எனக்குத்தான். மீசை சரியாக முளைக்காததை மற்றவர்கள் கலைத்திறமை என்றார்கள். நானும் நம்பிவிட்டேன்.

அந்த முறை கிருஷ்ணர் நாடகம். நாயகிக்கு அரக்குப் பட்டு வேண்டியிருந்தது. மனைவியின் கூறைப் புடவையைப் பெட்டியிலிருந்து சொல்லாமல் எடுத்துப் போனேன். கேட்டால் தரமாட்டாள் என்று நானே முடிவு செய்துகொண்டேன். கடைசிக் காட்சியில், உடம்பெல்லாம் நீலம் பூசிய கிருஷ்ணர் (தொழில் வக்கீல்) உணர்ச்சிவசப்பட்டு என்னைக் கட்டிக்கொண்டார். திரை விழுந்ததும் பார்த்தால், முதுகுப்புறத்தில் ஐந்து விரலும் உள்ளங்கையுமாக நீலம். மறுவாரம் மைத்துனனுக்குக் கல்யாணம். அவள் கட்டப்போவது இந்தப் புடவையைத்தான்.

மறுநாள் காலை சபைக்காரர்கள் குளக்கரையில் கூடினோம். ஆறு பேர், ஆறு பேரும் பி.ஏ. வக்கீல் எலுமிச்சம்பழம் என்றார். கணக்கு வாத்தியார் புளித்த மோர் என்றார். வாதம் முற்றி, கை தூக்கச் சொன்னதில் எலுமிச்சம்பழம் வென்றது. தேய்த்தோம். நீலம் அசையவில்லை. சுற்றியிருந்த அரக்குதான் வெளுத்து, அந்தக் கைக்குச் சாமி படத்து ஒளிவட்டம் போல் ஆயிற்று.

அப்போதுதான் சபையில் வேஷம் போட்டுவிடுகிற ஆள் அந்தப் பக்கம் வந்தார். அந்த நீலத்தைக் குழைத்ததே அவர்தான். பி.ஏ. இல்லாததால் நாங்கள் அவரைக் கேட்கவில்லை.

“இன்னா சாமி பண்ணி வச்சீங்க? எண்ணெயில கொழச்ச சாயம் அது. தேங்காண்ணெ தடவி, சீயக்கா போட்டு அலசியிருந்தா அப்பவே பூட்டிருக்கும். வெளுத்துப்போனதுக்கு நான் இன்னா பண்றது?”

புடவையைப் பெட்டியில் திரும்ப வைக்கப் போனேன். பெட்டிக்குப் பக்கத்தில் மனைவி நின்றுகொண்டிருந்தாள்.

“நேத்திக்கே பார்த்தேன். பொம்மனாட்டிகள் பக்கத்துல, முன்வரிசை. எல்லாரும் உங்களைப் பார்த்துண்டிருந்தா, நான் என் புடவையைப் பார்த்துண்டிருந்தேன். ஒரு வார்த்தை கேட்டிருந்தா நானே மடிச்சுக் கொடுத்திருப்பேன்.”

திட்டியிருந்தால் தேவலை. எனக்கு அவமானமாக இருந்தது.

மாம்பலத்தில் கல்யாணம். அதே புடவையை, கை நன்றாகத் தெரியும்படி கட்டிக்கொண்டு பந்தலெல்லாம் வளைய வந்தாள். கேட்டவர்களுக்கெல்லாம் ஒரே பதில்:

“கிருஷ்ண பரமாத்மா எங்காத்துக்காரரைக் கட்டிண்டார். அப்போ பட்டது.”

இரண்டு மாமிகள் அதைத் தொட்டுக் கண்ணில் ஒற்றிக்கொண்டார்கள். மாமனார் அன்று முழுவதும் என் முகத்தைப் பார்க்கவில்லை.