ஜெர்மன்காரரும் நான் அழித்த கேசட்டும்

சுனாமி வந்து இரண்டு வருஷம் ஆகியிருந்தது. கடலூரில் நானும் என் நண்பனும் சேர்ந்து கல்யாண வீடியோ எடுத்துக்கொண்டிருந்தோம். சிதம்பரத்தில் ஒரு பேராசிரியர் ஞாயிற்றுக்கிழமைகளில் தன் வீட்டுக் கூடத்தில் பழைய படங்கள் போடுவார். இயக்குநரான ஒரு ஜெர்மன்காரரின் படங்களை அங்கேதான் பார்த்தோம். ஊமைப்படக் காலத்தில் தொடங்கி சிரிப்பு, துப்பறிதல், பாட்டு, அழுகை என்று மனுஷன் ஒன்றையும் விட்டுவைக்கவில்லை. நாடு மாறிப் போயும் எடுத்தார். கடைசியில் கூப்பிட ஆளில்லாமல் விளம்பரப் படம்கூட எடுத்தாராம்.

"நாமளும் அப்டித்தான் மச்சான். காதுகுத்து, கல்யாணம், சாவு எல்லாம் எடுக்கறோம்ல" என்பான் நண்பன், பஸ்ஸில் திரும்பும்போது. எனக்குச் சிரிப்பு வரும். அவன் சிரிக்கமாட்டான்.

யாரும் கேட்காமல் அவன் தனக்காக எடுத்தது ஒரே ஒரு கேசட். செம்மங்குப்பத்துக்குக் கம்பெனி வேலைக்குப் போய்வரும் அவன் அம்மாவின் ஒரு நாள். ஒரு மணி நேரம் ஓடும். கொண்டு வா, எல்லோருக்கும் போட்டுக் காட்டலாம் என்று பேராசிரியர் சொல்லியிருந்தார்.

சிடி போட்டுக் கொடுத்ததும் அதே கேசட்டில் அடுத்த கல்யாணத்தை எடுப்பது எங்கள் தொழில் வழக்கம். கேசட்டின் முதுகில் ஒரு சின்னத் தகடு இருக்கும். அதைத் தள்ளிவிட்டால் மேலே பதிவாகாது. அம்மா கேசட்டில் அவன் அதைத் தள்ளி வைத்திருந்தான்.

தை மாதம். மேல்பட்டாம்பாக்கத்தில் ஒரு கல்யாணம். அவன் வேறொரு மண்டபத்தில் இருந்தான். தாலி கட்டுகிற நேரத்தில் என் கேசட் தீர்ந்துவிட்டது. எங்கள் இருவருக்கும் பொதுவான பையின் அடியில் பெயர் எழுதாத ஒன்று கிடைத்தது. தகடு தள்ளியிருந்ததைப் பார்த்தேன். எதற்குத் தள்ளி வைத்தான் என்று ஒரு நொடி யோசித்திருக்கலாம். நகத்தால் அதைப் பழைய இடத்துக்கே நகர்த்தினேன்.

மறுநாள் கடையில் ஓட்டிப் பார்த்தேன். பந்தி முடிந்ததும் திரையில் அவன் அம்மா வந்தார். கடைசி நாற்பது நொடிதான் மிச்சம். கேசட்டை வீட்டுக்குக் கொண்டுபோய் ஒளித்தேன்.

அவன் கடையைத் தலைகீழாகப் புரட்டித் தேடினான். வெட்கங்கெட்ட நான் கூடவே தேடினேன்.

"நானேதான் ஏதோ அவசரத்துல மேல எடுத்துத் தொலச்சிட்டேன் போல மச்சான்" என்றான். அதன்பின் அவன் சிதம்பரம் பக்கமே போகவில்லை.

ஐந்து வருஷம் கழித்து, கடலூரைப் பெரும்புயல் அடித்ததற்கு அடுத்த மாதம் அவன் அம்மா இறந்துபோனார். சாவு வீட்டில் கேமரா என் கையில். பக்கத்தில் வந்து நின்றான்.

"அவுங்க நடக்கறது, பேசறது ஒண்ணுமே எங்கிட்ட இல்ல மச்சான்" என்றான். நான் அழுவதைப் பார்த்துவிட்டு, "விடு. அந்த ஜெர்மன்காரரு எடுத்ததுலயே பாதிப் படம் இப்ப இல்லியாம். நம்மது எம்மாத்திரம்?" என்று என் தோளைத் தட்டினான்.

அந்த நாற்பது நொடி இன்னும் என் பீரோவில் இருக்கிறது. அதில் அவன் அம்மா அடுப்படியிலிருந்து திரும்பி, "போதும்டா, வந்து சாப்புடு" என்கிறார். கொடுத்தால், இது எப்படி உன்கிட்ட வந்தது என்று கேட்பான். அந்த ஒரு கேள்விக்குப் பயந்து, ஒரு பிள்ளையிடமிருந்து அவன் அம்மாவின் குரலை ஒளித்து வைத்திருக்கிறேன்.