துப்பாக்கி நாளில் ஒரு நீலச்சிறகி

வெர்னா பெட்ஷல் ஓட்டும் பள்ளிப் பேருந்து நேரத்துக்கு வந்து நான் பார்த்ததில்லை. வழியில் ஒரு குட்டை தெரிந்தால் போதும், பறவை பார்க்க வண்டி நின்றுவிடும். பெற்றோரிடம் வசவு வாங்கிக் கட்டிக்கொள்வது பள்ளி அலுவலகத்தில் இருக்கும் நான். கங்காரு தேசத்தின் இந்த விம்மெராச் சீமைக்கு வந்து பத்தொன்பது வருடத்தில் எனக்கு வாய்த்த ஒரே சிநேகிதி அவள். ஐம்பத்தெட்டு வயதாகியும் ஒரு இடத்தில் உட்காரத் தெரியாது. தேநீரைக்கூட நின்றுகொண்டே குடிப்பாள்.

பதினோரு வருடத்துக்கு முன்னால் ஊர்க் கழிவுநீர்க் குட்டையில் தட்டைவாயன் ஒன்றைப் பார்த்ததாக எழுதி அனுப்பினாள். பூமியின் வடபாதியில் இருக்க வேண்டிய வாத்து அது. கூட வேறு யாரும் இல்லை, படமும் இல்லை. அரிய பறவைகளுக்குத் தீர்ப்புச் சொல்லும் குழு 'ஏற்கப்படவில்லை' என்று ஒரே வரியில் முடித்துவிட்டது. அன்றிலிருந்து பறவை பார்ப்பவர்கள் நடுவில் அவளுக்குக் கதைவிடுகிறவள் என்று பெயர். அந்தக் கூட்டத்தில் திருடி என்று பெயர் வாங்குவதுகூடத் தேவலாம்.

போன மார்ச்சில், ஒரு வியாழக்கிழமை, தம்பி கிளெம்மின் பண்ணைச் சதுப்பில் பெட்டை நீலச்சிறகி ஒன்றைக் கண்டாள். எங்கள் வேடந்தாங்கல் பக்கம் கூட்டம் கூட்டமாக இறங்கும் வாத்துதான். இங்கே ஒன்றே ஒன்று வழிதவறி வந்தால் ராத்திரி பகலாகக் கார் ஓட்டிக்கொண்டு வருவார்கள். கைபேசிப் படத்தில் வெறும் சாம்பல் கறைதான் விழுந்திருந்தது. சிறகை மடக்கிக்கொண்டு உட்கார்ந்தால் அதற்கும் இங்கே 'டீல்' என்று சொல்லும் உள்ளூர்ச் சாம்பல் வாத்துக்கும் பெரிய வித்தியாசம் தெரியாது. விரித்தால்தான் இரண்டு வெள்ளைக் கோடுகள் தெரியும்.

குழுவில் இருக்கும் ருத்வென் சனிக்கிழமை பத்து மணிக்கு நேரில் வந்து பார்க்கிறேன் என்றார். அதே சனிக்கிழமைதான் வாத்து வேட்டையின் முதல் நாள். எட்டு மணிக்கு முதல் வெடி. கிளெம்மும் சிநேகிதர்களும் வருடா வருடம் அந்தச் சதுப்பில்தான் சுடுவார்கள்.

வெள்ளிக்கிழமை என்னையும் இழுத்துக்கொண்டு தம்பி வீட்டுக்குப் போனாள்.

"ஒரே ஒரு நாள் தள்ளி வை, கிளெம்."

"அஞ்சு பேரு லீவு போட்டுட்டு வந்திருக்கானுங்க. உன் ஒத்த வாத்துக்காக வீட்டுக்குப் போங்கடாங்கட்டுமா?"

"தெரியாம சுட்டுருவீங்கடா."

"வாத்து அடையாளம் சொல்ற பரீட்சை எழுதித்தான் லைசென்ஸ் வாங்கினேன். எனக்குத் தெரியாத வாத்தா?"

"அந்தப் பரீட்சையில இந்த வாத்தே கிடையாது."

"அப்ப இல்லாத வாத்தை நான் எப்படிச் சுடுவேன்? இதுவும் உன் தட்டைவாயன் மாதிரின்னு சொல்லு!"

எனக்கு அவனை அறையலாம்போல் இருந்தது. வெர்னா வெளியே வந்து, பேருந்தை மூன்று முறை சுற்றி நடந்தாள்.

சனிக்கிழமை விடிந்ததும் பேருந்தோடு என் வாசலில் நின்றாள். "வா" என்றாள், அவ்வளவுதான். வண்டியை மேய்ச்சல் நிலத்துக்குள் இறக்கி, சதுப்பின் விளிம்புவரை ஓட்டினாள். நாணலுக்குள் ஆறு தொப்பிகள் தெரிந்தன. மணி ஏழு நாற்பது.

"வெர்னா, அது பறந்துட்டா ருத்வென் எதைப் பாப்பாரு?"

"செத்துக் கிடக்கறதையா பாக்கச் சொல்ற?" என்று ஹாரனில் கையை வைத்தாள். எடுக்கவில்லை.

சதுப்பு மொத்தமும் எழுந்தது. நான் அண்ணாந்து பார்த்தேன். எனக்கு எல்லாம் வாத்தாகத்தான் தெரிந்தது. அவள் ஸ்டீயரிங்கில் நெற்றியைச் சாய்த்துக்கொண்டு அழுதாள், ஒரு தடவைகூட மேலே பார்க்கவில்லை. நாணலுக்குள்ளிருந்து வந்த வசவுகளை இங்கே எழுத முடியாது.

பத்து மணிக்கு ருத்வென் வந்து, வெறும் தண்ணீரைத் தொலைநோக்கியில் துழாவினார்.

"படம்?"

"சரியா விழல."

"வேற யாராவது பாத்தாங்களா?"

என்னைப் பார்த்தார். நான் தரையைப் பார்த்தேன். இத்தனை வருடம் அவளோடு சுற்றியும் ஒரு வாத்தைக் கற்றுக்கொள்ளாத என்மீது எனக்கே எரிச்சலாக வந்தது.

"பரவால்ல, வெர்னா" என்றார் மெதுவாக. அதற்கு அவர் திட்டியே இருக்கலாம்.

அப்போதுதான் கிளெம் இடுப்புவரை சேற்றோடு வந்தான்.

"இவ எங்க மொத நாளையே நாசம் பண்ணிட்டா" என்று ருத்வெனிடம் கத்தினான். "எல்லாம் போனப்புறம் கடைசியா ஒண்ணு எழுந்துச்சு. சின்னது. என் தலைக்கு மேலதான் போச்சு. சிறகுல ரெண்டு வெள்ளைக் கோடு. நாப்பது வருஷமா இங்க சுடுறேன், அப்படி ஒண்ணைப் பாத்ததே இல்ல. எழுதணும்னா எம்பேரையும் எழுதிக்கோ."

மூக்கைத் துடைத்துக்கொண்டான். "எட்டு மணி வரைக்கும் இருந்திருந்தா அதையும் டீலுன்னு சுட்டிருப்பேன்."

ருத்வென் பேனாவை எடுத்தார். வெர்னா ஈரப் புல்லில் அப்படியே உட்கார்ந்துவிட்டாள்.

"ரெண்டு கோடா, கிளெம்? நெஜமாவா?"

"ஆமா."

"நான் பாத்தது எதுவுமே நெஜமில்லையோன்னு, இத்தனை வருஷமா..."

"ரெண்டு கோடு, வெர்னா. எந்திரி, பேன்ட் நனையுது."